திரவியநாதன் சார் வயிற்றில் நின்ற வரி

திரவியநாதன் சாருடைய சிலைடின் கடைசி வரி திரையை விட்டு இறங்கி அவர் வயிற்றில் போய் நின்றுகொண்ட அன்று வகுப்பில் ஒருவரும் ஆச்சரியப்படவில்லை, ஏனென்றால் ஒருவரும் பார்க்கவில்லை. முதல் பெஞ்சு தூங்கிக்கொண்டிருந்தது, நடு பெஞ்சு போனுக்குள் இருந்தது, கடைசி பெஞ்சில் பேச்சிக்கனி பக்கத்தில் இருந்த ஜெபராணியின் காதுக்குள் திரவியநாதன் சாராகவே இருந்தாள்.

"ஸோ… அஸ் யூ கேன் சீ," என்று அவர் முன்னால் சொல்வதற்கு அரை மூச்சு முந்தி இவள் பின்னால் சொல்லிவிடுவாள். அதே கரகரப்பு, அதே மூக்கு, 'சீ'யில் வந்து முடியும்போது தொண்டையில் ஏதோ சிக்கிக்கொண்ட மாதிரி அதே செருமல். எதிரொலி முன்னாலும் அசல் பின்னாலுமாக வரும் வகுப்பு தமிழ்நாட்டில் அது ஒன்றுதான்.

"ஏட்டி, வாய மூடு. சிரிச்சா வெளிய அனுப்பிருவாரு," என்பாள் ஜெபராணி.

"அனுப்ப மாட்டாரு. அது சிலைடுல இல்ல," என்பாள் பேச்சி.

கோவில்பட்டியைத் தாண்டி நாற்கரச் சாலை ஓரத்தில், பருத்தியும் விளையாமல் கம்பும் விளையாமல் வேலிக்கருவேலம் மட்டும் விளைந்த கரிசலில், தண்ணி லாரி விட்டுப் பெரிய ஆளான கோட்டூர்சாமி தன் பேரிலேயே கட்டிய பொறியியல் கல்லூரி அது. பொறியியலும் தண்ணி மாதிரிதான், ஓரிடத்தில் உறிஞ்சி இன்னோரிடத்தில் ஊற்றிவிட்டால் வேலை முடிந்தது என்று அவர் மனதார நம்பினார், அவர் வைத்த வாத்தியார்களும் அந்த நம்பிக்கைக்கு ஒரு நாளும் துரோகம் செய்ததில்லை. அவர்களில் மூத்தவர் திரவியநாதன் சார். கம்ப்யூட்டர் நெட்வொர்க்ஸ் பாடம் அவருடையது. பாடம் என்றால் பாடம் இல்லை, சிலைடு. பிள்ளைகள் அதைப் பிபிடி என்பார்கள்.

அந்தப் பிபிடிக்கு ராஜாக்களுக்கு இருப்பதுபோல ஒரு வம்சாவளி உண்டு. கடல் கடந்த ஏதோ ஒரு குளிர் ஊரில் ஏதோ ஒரு வாத்தியார் தன் பிள்ளைகளுக்காக ஒழுங்காக உட்கார்ந்து செய்தது அது. அங்கே படிக்கப் போன ஒருவன் அதைச் சென்னைக்குக் கொண்டுவந்தான், சென்னையில் ஒருவர் அடியில் தன் பெயரைப் போட்டார், மதுரையில் ஒருவர் அந்தப் பெயரை அழித்துவிட்டுத் தன் பெயரைப் போட்டார், அவரிடம் ஆராய்ச்சி செய்து பட்டம் வாங்கிய திரவியநாதன் சார் அந்தப் பட்டத்தோடு பிபிடியையும் சேர்த்து வாங்கிக்கொண்டு வந்து, மதுரையை அழித்துவிட்டுத் திரவியநாதன் என்று போட்டார். இவ்வளவு கைமாறியும் பெயரைத் தவிர ஒருவரும் ஓர் எழுத்தைத் தொடவில்லை. அதனால் இரண்டாவது சிலைடில் அந்தக் குளிர் ஊர் வாத்தியார் தன் பிள்ளைகளுக்குச் சொன்ன சேதி இன்னும் அப்படியே இருந்தது: பனி கொட்டினால் வகுப்பு கிடையாது, சந்தேகம் இருந்தால் புதன்கிழமை மாலை நான்காம் மாடியில் என் அறைக்கு வரவும்.

திரவியநாதன் சார் அதையும் வாசிப்பார். சித்திரை வெயிலில், மின்விசிறி நின்றுபோன அறையில், கர்ச்சீப்பால் கழுத்தைத் துடைத்துக்கொண்டு, பனி கொட்டினால் வகுப்பு கிடையாது என்று வாசித்துவிட்டு, "நெக்ஸ்ட்," என்பார். பிள்ளைகளும் எழுதிக்கொள்வார்கள். ஒருமுறை விளாத்திகுளத்துப் பையன் ஒருவன் உண்மையாகவே சந்தேகம் வந்து, இரண்டே மாடி உள்ள அந்தக் கல்லூரியில் நான்காம் மாடியைத் தேடி ஏறிப் போய், தண்ணித் தொட்டியடியில் புதன்கிழமை சாயங்காலம் முழுக்கக் காத்திருந்துவிட்டு, சார் வரவில்லை என்று இறங்கி வந்தான். அதற்கடுத்த பருவத் தேர்விலேயே, பனி கொட்டினால் என்ன செய்ய வேண்டும் என்று இரண்டு மார்க்குக்குக் கேள்வி வந்தது.

இந்தப் பாடத்தில்தான் பேச்சிக்கு அரியர். அவளுக்குப் பாடம் வராமல் போகவில்லை. போன தேர்வில் விடைத்தாளை முழுக்கத் திரவியநாதன் சார் குரலிலேயே எழுதிவைத்தாள், அதனால் வந்த வினை. ஒவ்வொரு வரி முடிவிலும் 'நெக்ஸ்ட்', ஒவ்வொரு பக்கத் தொடக்கத்திலும் 'ஸோ', கடைசியில் 'எனி கொஸ்டின்ஸ்? நோ கொஸ்டின்ஸ். தேங்க் யூ'. திருத்தியவர் திரவியநாதன் சாரே. அதை அவமானம் என்று அவர் எடுத்துக்கொள்ளவில்லை, தன் குரலைத் தானே கண்டுபிடிக்கவுமில்லை. 'நெக்ஸ்ட்' என்ற சொல் சிலைடில் இல்லை என்பதற்காக மட்டும் மார்க்கைக் குறைத்தார்.

அன்றைக்கு வேடிக்கையாக இருந்தது. பிறகு சென்னைக் கம்பெனி ஒன்று வந்து இவள் வாயைப் பார்த்தே வேலை தருவதாகச் சொல்லி, ஆனால் அரியர் இல்லாமல் வரவேண்டும் என்றபோதுதான் வேடிக்கை விபரீதமானது. ஏனென்றால் வேலை இல்லாவிட்டால் ஆவணியில் கல்யாணம் என்று அவள் அப்பா சொல்லிவிட்டார், மாப்பிள்ளை எட்டயபுரத்தில் செல்போன் கடை வைத்திருக்கும் மாமா மகன் சொர்ணராஜ், சொர்ணராஜோ தன் ஜோக்கைச் சொல்வதற்கு முன்பே சிரித்து முடித்துவிடுகிற ஆள். குரலால் வாழ்கிற ஒருத்திக்கு அதைவிடப் பெரிய நரகத்தை எந்தப் புராணமும் வைத்திருக்கவில்லை. இந்த அரியரை முடித்தால் சென்னை. முடிக்காவிட்டால் சொர்ணராஜின் சிரிப்பு.

ஆகவேதான் அவள் அந்தச் சிறப்பு வகுப்பில் உட்கார்ந்திருந்தாள். ஒரு தடவை அந்தச் சிலைடுகளைப் பார்த்துத் தோற்றவர்களுக்கு அதே சிலைடுகளை இன்னொரு தடவை காட்டுவதற்குத்தான் சிறப்பு வகுப்பு என்று பெயர். அந்த அறையில் திரையின் கயிறு அறுந்து, திரை தாழத் தொங்கும். அதை இழுத்துக் கட்ட ஒருவருக்கும் தோன்றியதில்லை. திரவியநாதன் சார் அதன் முன்னால் பிள்ளைகளைப் பார்த்து நின்று மடிக்கணினியில் வாசிப்பதால், எந்தச் சிலைடாக இருந்தாலும் அதன் அடி வரி திரையில் விழாமல் அவர் வயிற்றில்தான் விழும். எத்தனையோ வருஷமாக அப்படித்தான். அடுக்குகளின் சிலைடு வரும்போதும் அப்படித்தான்.

ஒரு கம்ப்யூட்டர் இன்னொன்றோடு பேச நினைத்தால், அந்தச் சேதி ஏழு மாடி இறங்கி வரவேண்டும். ஒவ்வொரு மாடியிலும் ஒருவன் அதற்கு ஓர் உறை போட்டு, மேலே எதையோ எழுதி, கீழே இருப்பவனிடம் தள்ளுவான். ஏழாவதாக, எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பதுதான் கம்பி. கம்பியில் இறங்காதவரை மேலே ஆறு பேரும் போட்ட உறையெல்லாம் வெறும் வேஷம். அந்த அடிமாடியைச் சொல்லும் வரியைத்தான் எத்தனையோ வருஷமாக அவர் வயிறு மறைத்துக்கொண்டிருந்தது. அன்றைக்கு அந்த வரி, இவ்வளவு நாள் விழுந்த இடத்திலேயே இருந்துவிடுவது என்று முடிவுசெய்துவிட்டது போலும். மணி அடித்தது, அவர் புரொஜக்டரை அணைத்தார், திரை இருண்டது, வயிறு இருளவில்லை. முன்னால் ஒரு சின்னக் கறுப்புப் புள்ளி வைத்து, வெள்ளைச் சட்டையில் நீல எழுத்தில் அது நின்றது: பிசிக்கல் லேயர் — சேதி உண்மையில் புறப்படும் இடம்.

கேண்டீன் மாஸ்டர்தான் முதலில் பார்த்தார். "சார், வயித்துல லைட்டு எரியுது," என்றார் வடையை எண்ணெயில் திருப்பிக்கொண்டே.

"நெக்ஸ்ட்," என்றார் சார். ஒரு டீயும் சொன்னார்.

வீட்டில் சட்டையைக் கழற்றினால் வரி பனியனில் இருந்தது, பனியனைக் கழற்றினால் தோலில் இருந்தது. அவர் மனைவி புஷ்பகாந்தம் இடுப்பில் கைவைத்துப் பார்த்தாள். "என்னங்க இது?"

"சிலைடு."

"காலேஜ் சாமான வீட்டுக்குக் கொண்டாராதீங்கன்னு ஒங்ககிட்ட எத்தன தடவ சொல்லிருக்கேன்!"

சீயக்காய் போட்டாள், போகவில்லை. தேங்காய் நாரால் தேய்த்தாள், தோல்தான் சிவந்தது. பித்தளைக் குடத்துக்குப் போடும் புளியைப் போட்டாள், பித்தளை மாதிரியே வரியும் பளபளவென்று துலங்கி வந்ததால் அதோடு நிறுத்திக்கொண்டாள். பிறகு கரண்டு போனபோது அரிசிப் பானை எங்கே இருக்கிறது என்று தேட, "இங்க வந்து செத்த நில்லுங்க," என்று அவரை அடுப்படியில் நிறுத்தினாள். திரவியநாதன் சாரின் கல்வியால் ஒருவருக்கு வெளிச்சம் கிடைத்தது அதுவே முதல் தடவை.

மறுநாள் கல்லூரியில் தெரிந்தது, பிபிடியில் அந்த வரி இல்லை என்பது. ஆறு மாடிகள் இருந்தன, ஏழாவது மாடி இருந்த இடம் வெறும் வெள்ளையாக இருந்தது. பென் டிரைவில் வைத்திருந்தவன் திறந்தான், அங்கேயும் வெள்ளை; வாட்ஸப்பில் இருந்ததிலும் வெள்ளை; அக்காமார் விட்டுப்போன ஸ்பைரல் பைண்டிங் நோட்ஸிலும், பழுப்பேறிய தாளில், வெள்ளை. நூலகத்தில் ஒழுங்கான புத்தகங்கள் இருந்தன, அவற்றில் ஏழு மாடியும் இருந்திருக்கும். ஆனால் புத்தகங்கள் கலைந்துவிடும் என்பதால் ஆய்வுக் குழு வரும் நாளில் மட்டுமே அந்த நூலகத்தைத் திறப்பார்கள். போனில் தேடினால் நொடியில் கிடைக்கும். கிடைத்து என்ன செய்ய? அந்தக் கல்லூரியே தனக்குத் தேர்வு வைத்துத் தானே திருத்திக்கொள்ளும், சிலைடில் உள்ள வாக்கியம் உள்ளபடி இருந்தால்தான் மார்க்.

ஆக, சாரின் வயிற்றைப் பார்த்தால்தான் பாஸ் என்றாகிவிட்டது. யாரும் மலைத்துப்போகவில்லை. வரிசையில் நின்றார்கள். கல்லூரி வாசலில் ஜெராக்ஸ் கடை வைத்திருந்த சுப்புராம் அண்ணாச்சிதான் அதிகம் யோசித்த ஆள். சாரைக் கடைக்கு வரவழைத்து, மிஷினின் மூடியைத் திறந்து, "கண்ணாடில அப்படியே குப்புறப் படுங்க சார். மூச்சப் பிடிச்சிக்கோங்க. ஆங்," என்று பொத்தானை அழுத்தினார். வந்த தாளில் வரி இல்லை. நடுவில் தொப்புள் மட்டும் மேகத்துக்குள் சிக்கிய நிலா மாதிரி இருந்தது. அண்ணாச்சி அதை வீணாக்காமல் ஓரத்தில் 'இம்பார்ட்டண்ட்' என்று எழுதிக் கட்டுக்கட்டாகப் போட்டார். பிள்ளைகள் வாங்கி, தொப்புளுக்கு மஞ்சள் மையில் கோடிட்டுக்கொண்டார்கள்.

அடுத்து தாளாளர் கோட்டூர்சாமி பார்க்க வந்தார். பார்த்தார், சுற்றி வந்து பார்த்தார், ஒரு விரலால் தொட்டும் பார்த்தார். லாரி டயரைப் பார்ப்பது மாதிரியே இருந்தது அது. "இது எத்தன நாள் உழைக்கும்?" என்றார்.

"தெரியல சார்."

"உழைக்கிற வரைக்கும் ஓட்டுவோம்."

ஒரு வாரத்தில் நாற்கரச் சாலை நெடுக ஃபிளெக்ஸ் நின்றது: தென்னகத்திலேயே முதன்முறையாக, பேராசிரியரின் உடலிலேயே பாடம். படத்தில் சார் இரண்டு கையையும் விரித்து நிற்க, வயிற்றிலிருந்து சூரியக் கதிர்கள் கிளம்பின. பக்கத்தில் அதைவிடப் பெரிதாக, கண்ணாடி போட்டுக்கொண்டு, தாளாளர். சேர்க்கைக்கு வந்த பெற்றோரை முதலில் சாரிடம் கூட்டிப்போய்க் காட்டினார்கள். கயத்தாறிலிருந்து வந்த ஓர் அப்பா, செருப்பை வெளியே விட்டுவிட்டு உள்ளே வந்து, கண்ணில் ஒற்றாத குறையாகப் பார்த்துவிட்டு, "எம் பயலுக்கும் இது மாதிரி வருமாய்யா?" என்றார்.

"நாலு வருசம் ஒழுங்கா ஃபீஸ் கட்டுங்க. வராம எங்க போயிரும்?" என்றார் தாளாளர்.

மற்ற வாத்தியார்களுக்குப் பொறுக்கவில்லை. கணக்கு வாத்தியார் புரொஜக்டரின் முன்னால் சட்டையைத் திறந்துபோட்டு நின்று பார்த்தார். கண் கூசியதுதான் மிச்சம். தெர்மோடைனமிக்ஸ் மேடம் மருதாணியால் கையில் ஒரு சமன்பாட்டைப் போட்டுக்கொண்டு வந்து தானாக வந்தது என்றார். அதில் ஒரு பிழை இருந்ததால் தானாக வந்ததாகத்தான் இருக்கும் என்று எல்லோரும் நம்பினார்கள்.

இத்தனை குரலும் பேச்சிக்குத் தீனி. கயத்தாறு அப்பாவைச் செய்வாள், மூச்சைப் பிடித்துக் குப்புறப் படுத்த சாரைச் செய்வாள், தாளாளரின் ஏப்பத்தைக்கூட விடாமல் செய்வாள். ஹாஸ்டல் முழுக்க அவள் கட்டிலைச் சுற்றி விழுந்து கிடந்து சிரித்தது. ஆனால் வரிசையில் நின்று, தன் முறை வந்து, அந்த வயிற்றுக்கு நேரே கண்ணை வைத்து வரியைப் படித்தபோது அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. சேதி உண்மையில் புறப்படும் இடம். அட, இந்தக் கல்லூரியில் அது எங்கே இருக்கிறது என்று யோசித்தாள். தாளாளர் சொல்லி, முதல்வர் உறை போட்டு, துறைத்தலைவர் உறை போட்டு, சார் வாசித்து, பிள்ளைகள் எழுதி, எழுதியதைச் சார் திருத்தி… ஒன்றுகூடத் தெருவுக்கு இறங்கியதில்லை. எல்லாம் மாடியிலேயே சுற்றுகிறது.

"நின்னு முடிச்சாச்சில்ல? நகருட்டி," என்று பின்னால் இருந்தவள் இடித்தாள்.

அன்றைக்குத்தான் பேச்சி வாழ்க்கையில் முதல்முறையாகப் படிக்க உட்கார்ந்தாள். பிபிடியை மூடிவைத்துவிட்டுப் போனில் தேடித் தேடிப் படித்தாள், படித்ததையெல்லாம் குரலாக மாற்றினாள், ஏனென்றால் அவளுக்கு வேறு வழியில் எதுவும் உள்ளே இறங்காது. கம்ப்யூட்டர்களை இணைக்கிற ஹப் என்கிற பெட்டி அவளுடைய தெய்வானை அத்தை. ஒருத்தி காதில் சொல்லவேண்டியதைத் தெருவையே கூட்டிச் சொல்லுவாள். ஸ்விட்ச் என்கிற இன்னொரு பெட்டி சாத்தூர் பஸ் கண்டக்டர். யார் எந்த ஸ்டாப் என்று முகத்தைப் பார்த்தே தெரியும், "ஏய் நல்லி, எறங்கு," என்று நல்லி ஊர்க்காரனை மட்டும் தட்டி எழுப்புவார். இரண்டு கம்ப்யூட்டர் பேசத் தொடங்கும் முன் மூன்று முறை கைகுலுக்கும் என்று படித்ததும், "அடச்சீ, இம்புட்டுத்தானா?" என்று எழுந்து நின்று செய்து காட்டினாள்: "ஹலோ, கேக்குதா?" "கேக்குது, ஒங்களுக்குக் கேக்குதா?" "ஆங், கேக்குது." முதல் குரல் அவள் அம்மா, இரண்டாவது துபாயில் இருக்கும் சித்தப்பா. தமிழ்நாட்டில் போன் வைத்திருக்கும் ஒவ்வொருவரும் தினமும் செய்கிற வேலையைத்தான், திரவியநாதன் சார் ஐந்து சிலைடில், அம்புக்குறியோடு, ஒருவருக்கும் புரியாமல் வாசித்துக்கொண்டிருந்தார்.

இப்படி அவள் ஹாஸ்டலில் உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்த ஒரு காலையில் வகுப்பில் இன்னொன்று நடந்தது. தேர்வு நெருங்கியதும் தாளாளர் வாத்தியார்களைக் கூட்டி, "வயித்துல இருக்கது இப்ப காலேஜ் சொத்து. ஊரே கும்பிடுது. அதப் போயி பரீட்சையில கேட்டு அசிங்கப்படுத்தாதீங்க," என்று சொல்லிவிட்டார். அதிசயம் ஆகிவிட்டதால் அது இனிப் பாடம் இல்லை. திரவியநாதன் சாரும் வகுப்பில், சட்டைக்குள் வரி தகதகக்க, அறிவித்தார்: "ஸோ… ஃப்ரம் எக்ஸாம் பாயிண்ட் ஆஃப் வியூ, அஸ் யூ கேன் சீ, ஆறு லேயர். ஏழாவது இடத்த சிலைடுல உள்ளபடி வெறுமையா விடணும். எழுதினா மார்க் இல்ல." பிறகு சிலைடை வாசித்தார்; ஆறு வரியை வாசித்துவிட்டு, ஏழாவது வெற்று வரிக்கும் ஒரு வரி நேரம் வாயை மூடிக்கொண்டு நின்றார்; பிறகு, "நெக்ஸ்ட்," என்றார். பிள்ளைகள் நோட்டில் ஒரு வரி விட்டு எழுதினார்கள். அந்த அறையில் படிக்காதவர்கள் அத்தனை பேருக்கும் இது தெரிந்தது. படித்துக்கொண்டிருந்தவளுக்கு மட்டும் தெரியவில்லை. ஜெபராணி சொல்லியிருப்பாள், ஆனால் அவளும் அன்று வகுப்பில் தூங்கிவிட்டாள், பக்கத்துப் பிள்ளையின் நோட்டைப் பார்த்து வெற்று வரியையும் சேர்த்துக் காப்பியடித்தபோதுகூட ஏன் என்று கேட்கவில்லை.

தேர்வில் ஏழு அடுக்குகளையும் படத்தோடு விளக்குக என்று வந்தது. பேச்சி விளக்கினாள். ஒரு 'நெக்ஸ்ட்' இல்லை, ஒரு கிண்டல் இல்லை. ஏழு மாடியும், ஏழு உறையும், கடைசியில் கம்பியும். எழுதி முடித்தபோது தனக்கே தன் கையெழுத்தைப் பார்த்து மரியாதை வந்தது.

ரிசல்ட் வந்தது. ஒரு வெற்றிடத்தை ஒழுங்காக விட்டதற்காக அத்தனை பேரும் பாஸ். எப்போதும் எதையும் வெறுமையாகவே விட்டு வந்த விளாத்திகுளத்துப் பையன் வகுப்பிலேயே முதல் மார்க். பேச்சிக்கனி ஃபெயில்.

அவள் சாரின் அறைக்குப் போனாள். அவர் டிபன்பாக்ஸைத் திறந்து லெமன் சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்; அறை இருட்டாக இருந்ததால் வயிற்று வெளிச்சத்தில் ஊறுகாயைத் தேடிக்கொண்டிருந்தார்.

"சார், ஏழாவது லேயர் எழுதினதுக்கு மொத்தப் பதிலயும் அடிச்சிருக்கீங்க."

"சிலைடுல இல்லையேம்மா," என்றார் சார்.

"சார், ஒங்க வயித்துலயே இருக்கு சார்."

அவர் குனிந்து பார்த்தார். தலைகீழாகத் தெரிந்ததாலோ என்னவோ அதை அவர் அதுவரை படித்ததே இல்லை என்பது அந்த முகத்தில் தெரிந்தது. படிக்க ஆரம்பித்தார், பாதியில் நிறுத்தினார், நிமிர்ந்தார். "இருக்கு," என்றார். "ஆனா சிலைடுல இல்லையேம்மா."

"சார், நான் ஃபெயிலானா என் வேல போயிரும். கட்டிக் குடுத்துருவாங்க."

"எனி கொஸ்டின்ஸ்?" என்றார் சார் கனிவாக. அவருக்குத் தெரிந்த ஆறுதல் வார்த்தை அது ஒன்றுதான். பிறகு வழக்கம்போலக் காத்திருக்காமல், "நோ கொஸ்டின்ஸ். தேங்க் யூ," என்று ஊறுகாயைக் கண்டுபிடித்துவிட்டார்.

பேச்சி வராந்தாவில் நின்றாள். அழுகை வந்தது, அது யார் குரலிலும் இல்லாமல் அவள் குரலிலேயே வந்ததால் அவளுக்கே அடையாளம் தெரியவில்லை. கீழே பஸ்ஸில் அருப்புக்கோட்டைப் பெற்றோர் ஒரு கூட்டம் வந்து இறங்கியது. ஆள் வந்து, "சார், தாளாளர் கூப்பிடுதாரு, ஒங்களக் காட்டணுமாம்," என்று சாரைக் கூட்டிப்போனான். அறை காலியாகி, மேசைமேல் இன்டர்காம் மட்டும் இருந்தது. இன்டர்காமுக்குப் பின்னால் ஒரு கம்பி இருந்தது. பேச்சி அந்தக் கம்பியைப் பார்த்தாள். மேலே ஆறு மாடியிலும் கேட்க ஆள் இல்லை, கம்பி இருக்கிறதே.

கண்ணைத் துடைத்தாள், தொண்டையைச் செருமினாள், மறுமதிப்பீட்டுக்கு யார் கையெழுத்துப் போட வேண்டுமோ அந்தத் தேர்வுக் கண்ட்ரோலர் இசக்கிமுத்துவின் எண்ணை அழுத்தினாள்.

"ஹலோ," என்றார் கண்ட்ரோலர்.

"ஸோ…" என்றாள் பேச்சி.

"யாரு, திரவியமா? என்னவே, கேக்குதா?"

"கேக்குது. உங்களுக்குக் கேக்குதா?"

"நல்லாக் கேக்குது, சொல்லும்."

"அஸ் யூ கேன் சீ," செருமல், "பேச்சிக்கனி."

"அந்த வாயாடிப் பிள்ள பேப்பரா? இங்கதான் கெடக்கு. ஏழாவது எழுதி வச்சிருக்கு. ஆன்சர் கீயில இல்லையேவே?"

"இட் ஈஸ் வெரி இம்பார்ட்டண்ட்."

"அதுக்கில்லவே. கீயில இல்லாதத சரின்னு போட்டா நாளைக்கு எவனாவது கேட்டுத் தொலைப்பான்."

"திஸ் ஈஸ் செல்ஃப் எக்ஸ்பிளனேட்டரி."

அந்தப் பக்கம் கண்ட்ரோலர் தாளைப் புரட்டினார். "அதுவும் சரிதான். ஒம்ம வயித்துல இருக்கதுக்கு ஒம்ம வாயே சாட்சி. நீரே சொன்னப்புறம் எவன் கேப்பான்? மார்க்கப் போட்டுருதேன். வேற?"

"எனி கொஸ்டின்ஸ்?"

"ஒண்ணுமில்லவே."

"நோ கொஸ்டின்ஸ். தேங்க் யூ."

போனை வைத்த கண்ட்ரோலர் தன் கிளார்க்கிடம், "பத்து வருசமா பழகுதேன், திரவியம் இன்னைக்குத்தான்யா மனசு விட்டுப் பேசுனாரு," என்றாராம். பேச்சி பாஸானாள். அன்று சாயங்காலம் கண்ட்ரோலர், "நீரு சொன்னபடியே செஞ்சாச்சுவே," என்று சாரின் தோளைத் தட்டினார். சார் எதைச் சொன்னோம் என்று தெரியாமல், ஆனால் தான் ஏதாவது சொல்லியிருந்தால் அது சிலைடில் உள்ளதாகத்தான் இருக்கும் என்ற நிம்மதியில், தலையை ஆட்டினார். ஆவணியில் எட்டயபுரத்தில் சொர்ணராஜ் வேறொருத்தியைக் கட்டினான், தாலி கட்டும் முன்பே சிரித்து முடித்தான் என்று கேள்வி. திரவியநாதன் சார் இன்னமும் அந்த ஃபிளெக்ஸில் கதிர் விட்டுக்கொண்டிருக்கிறார். மேலே காக்கை எச்சம் போட்டிருக்கிறது, வரியில் படாமல்.

சென்னையில், கடலைப் பார்த்த கண்ணாடிக் கட்டடத்தில், குளிரூட்டிய அரங்கத்தில், பேச்சிக்கனிக்குப் பயிற்சி தொடங்கியது. மாவட்டத்துக்கு மாவட்டம் பொறுக்கி எடுத்த பிள்ளைகள், புதுச் சட்டை மடிப்புக் கலையாமல், புது நோட்டைத் திறந்துவைத்து உட்கார்ந்திருந்தார்கள். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில் பயிற்சியாளர் வந்தார், விளக்கை அணைத்தார். நெட்வொர்க்கின் அடிப்படை என்றார். முதல் சிலைடில் அவர் பெயர் இருந்தது. இரண்டாவது சிலைடு வந்ததும், பனி கொட்டினால் வகுப்பு கிடையாது என்று தெளிவான ஆங்கிலத்தில் வாசித்தார். எல்லோரும் எழுதிக்கொண்டார்கள்.

அடுக்குகளின் சிலைடும் வந்தது. ஆறு வரி. அதன் கீழே, ஏழாவது வரியின் இடத்தில், வெள்ளை. பயிற்சியாளர் ஆறையும் வாசித்தார். பிறகு மடிக்கணினியைப் பார்க்கக் குனிந்தவர் ஒளிக்கற்றைக்குள் வந்து, பிள்ளைகளைப் பார்த்து நின்று, அந்த வெற்று வரிக்கும் ஒரு வரி நேரம் வாயை மூடிக்கொண்டு நின்றார். சட்டை வயிற்றில் பளிச்சென்று வெறும் வெளிச்சம். அரங்கம் முழுக்க, அத்தனை மாவட்டமும், ஒருவர் முகத்தையும் ஒருவர் பார்க்காமல், நோட்டில் கவனமாக ஒரு வரி விட்டது.

கடைசி வரிசையிலிருந்து, மூக்கும் கரகரப்பும் செருமலும் அட்சரம் பிசகாமல், ஒரு குரல் வந்தது.

"நெக்ஸ்ட்."

பயிற்சியாளர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. விரல் பொத்தானை அழுத்தியது. இருட்டில் அத்தனை நோட்டும் ஒரே சத்தத்தோடு பக்கம் திரும்பின.